நடவு வயலில் கூலியும் உடம்பும் கரையும் இடங்கள்

காவிரி டெல்டாவில் ஒரு ஏக்கர் நடவுக்கு எத்தனை முறை குனிந்து ஊன்ற வேண்டும் என்று கணக்குப் போட்டுப் பார்த்தவர்கள் குறைவு. நடுத்தர வயதுள்ள நெல் ரகங்களுக்கு வேளாண்மைத் துறை சொல்லும் இடைவெளி 20-க்கு 10 சென்டிமீட்டர். அப்படி நட்டால் சதுர மீட்டருக்கு 50 குத்து, அதாவது 50 இடத்தில் நாற்று ஊன்ற வேண்டும். ஏக்கருக்கு ஏறக்குறைய 2 லட்சத்து 2 ஆயிரம் குத்து. 14 பெண்கள் இறங்கினால் ஆளுக்கு 14,400. காலை ஆறரைக்கு இறங்கி, நடுவில் அரை மணி கரையேறி, மதியம் ஒரு மணிக்கு முடிப்பதென்றால் நிமிடத்துக்கு 40 குத்து வேகத்தில் கை ஓட வேண்டும். ஆறு மணி நேரமும் முதுகு வளைந்தபடி, கால் பின்னோக்கி நகர்ந்தபடி.

குறுவைக்கு இதுவும் மாறும். குறுகிய கால ரகங்களுக்கு 15-க்கு 10 சென்டிமீட்டர் என்பதால் சதுர மீட்டருக்கு 66 குத்து வரும். ஏக்கருக்கு 2 லட்சத்து 67 ஆயிரம். அதே 14 பேர் என்றால் ஆளுக்கு 19,000. ஏக்கர் அதேதான், ஒப்பந்தக் கூலியும் பெரும்பாலும் அதேதான், வேலை மட்டும் மூன்றில் ஒரு பங்கு கூடிவிடுகிறது. வரப்பில் நின்று "நெருக்கி நடுங்கம்மா" என்று சொல்லும் ஒரு வார்த்தைக்குப் பின்னால் இத்தனை உழைப்பு இருக்கிறது. ஆகவே கூலி பேசும்போதே இடைவெளியையும் பேசிவிட வேண்டும். எத்தனை விரல் அகலம், கயிறு பிடித்தா, கண்ணளவிலா என்று முதலிலேயே கேட்க வேண்டும். கயிறு பிடித்து நடும்போது கயிற்றை நகர்த்தும் நேரமெல்லாம் ஆட்கள் காத்து நிற்பார்கள். நாள் கூலியில் அது பிரச்சினையாகாது. ஒப்பந்தத்தில் அந்த நேரம் முழுக்க நடவாட்களின் கணக்கில் போய்விடும்.

நாற்று பறிப்பது டெல்டாவில் பெரும்பாலும் ஆண்கள் வேலை. ஒரு ஏக்கர் நடவுக்கு 8 சென்ட் நாற்றங்கால். முதல் நாள் மாலையே நாற்றங்காலில் ஓரிரு விரற்கடை நீர் நிற்கும்படி பார்த்துக்கொண்டால் மறுநாள் நாற்று சேறோடு வழுக்கிக்கொண்டு வரும். தண்ணீரை வடித்துவிட்டுப் பறிக்கச் சொன்னால் மண் இறுகி வேர் அறுந்துவிடும். களிமண் நாற்றங்காலில் இந்தத் தொல்லை அதிகம். அங்கே விதைத்த 10-ஆம் நாள் சென்டுக்கு 4 கிலோ ஜிப்சமும் 1 கிலோ டி.ஏ.பி. உரமும் இடச் சொல்வார்கள். அதைச் செய்யாத மிராசுதாரர் "ஆளுங்க நாத்தை அறுத்துட்டாங்க" என்று குறை சொல்வது வழக்கம். வேர் அறுந்த நாற்று பச்சை பிடிக்க ஒரு வாரம் கூடுதலாகும். பழி பறித்தவர் மேல் விழும். பறிக்கத் தொடங்கும்போதே முதல் நாலைந்து பிடியை நில உரிமையாளரிடம் காட்டிவிடுவது நல்லது.

பறித்த நாற்றைக் கால் முன்பக்கத்தில் தட்டிச் சேறு உதிர்த்து, தண்ணீரில் அலசி, முடியாக, அதாவது சிறு கட்டாகக் கட்டுவார்கள். சேறு போகாத முடி ஈரத்தோடு இரண்டு மடங்கு கனக்கும். அதைத் தலையில் சுமந்து வழுக்கும் வரப்பில் நடக்கிறவரின் கழுத்தும் முழங்காலும்தான் அந்தக் கனத்தைத் தாங்க வேண்டும். நன்றாக அலசுவதில் செலவாகும் நேரம் சுமப்பதில் திரும்பி வந்துவிடும். பறித்த முடியை அன்றைக்கோ, அதிகபட்சம் மறுநாள் காலையோ நட்டுவிட வேண்டும். குவித்துப் போட்டால் உள்ளே சூடேறி மஞ்சளாகிவிடும்.

நாற்றின் வயதும் நடவாளின் பாடும் பிணைந்தவை. குறுகிய கால ரகத்துக்கு 18 முதல் 22 நாள், நடுத்தரத்துக்கு 25 முதல் 30, நீண்ட கால ரகத்துக்கு 35 முதல் 40 நாள் என்பது கணக்கு. ஜூன் 12-இல் மேட்டூர் அணை திறந்தால் தண்ணீர் கடைமடைக்கு வந்து சேர நாளாகும். திருத்துறைப்பூண்டி, வேதாரண்யம் பக்கமெல்லாம் தண்ணீருக்குக் காத்திருந்த நாற்று முற்றிப்போயிருக்கும். முற்றிய நாற்றில் தூர் (பக்கக் கிளைப்பு) குறைவாகக் கட்டும் என்பதால் குத்துக்கு இரண்டு மூன்று வைப்பதற்குப் பதில் நாலைந்து வைக்கச் சொல்வார்கள். முடி சீக்கிரம் தீர்ந்துவிடும். கட்டைத்தண்டாக நிற்கும் நாற்றை ஊன்றும்போது விரல் நுனி கீறும். இளம் நாற்றில் ஓடும் கை முற்றிய நாற்றில் ஓடாது.

நடும் ஆழம் 3 சென்டிமீட்டர். பெருவிரல், ஆள்காட்டி, நடுவிரல் மூன்றும் சேர்ந்து நாற்றின் வேரை அணைத்து இறங்கி, விரலை எடுக்கும்போதே சேறு தானாக மூடிக்கொள்ள வேண்டும். இதற்கு வயல் பக்குவமாக இருக்கவேண்டும். பரம்படித்து (சேற்றைச் சமன் செய்து) ஒரு நாளாவது சேறு படிய விட்ட வயலில் நாற்று நிற்கும். உழுத கையோடு இறக்கினால் சேறு கூழாக இருக்கும், நட்டது புதைந்து போகும். இரண்டு மூன்று நாள் விட்டுவிட்டால் களிமண் இறுகி விரல் இறங்காது. நகக்கண்ணில் மண் ஏறி வீக்கம் காணும். தண்ணீர் இரண்டு சென்டிமீட்டர் போதும். கணுக்காலுக்கு மேல் நின்றால் நாற்று மிதக்கும், மறுநாள் மிதந்ததை ஊன்ற ஆள் கூப்பிடுவார்கள், அதற்குக் கூலி கிடையாது என்பார்கள். இப்படிப்பட்ட வயலைப் பார்த்தவுடன் "தண்ணியை வடிச்சுட்டு வாங்க, அப்புறம் இறங்குறோம்" என்று சொல்லும் மேஸ்திரி கிடைத்த குழு அதிர்ஷ்டசாலிக் குழு.

முதுகுவலியைத் தலையெழுத்து என்று பேசிப் பேசியே அதைப் பற்றிச் செய்யக்கூடியதையும் செய்யாமல் விட்டுவிடுகிறோம். இடுப்பு மூட்டில் மடங்கிக் குனிந்தால் பளு தொடைக்கும் பிட்டத்துக்கும் போகும். முதுகை வில்லாக வளைத்துக் குனிந்தால் அந்தப் பளு முதுகெலும்பின் அடிப்பக்க இடைத்தட்டுகள் மேல் இறங்கும். முழங்காலை லேசாகத் தளர்த்தி, முடி பிடித்த இடது முன்கையைத் தொடை மேல் ஊன்றி நடும் பெண்கள் ஐம்பது வயதிலும் வயலில் நிற்கிறார்கள். காலை நேராக விறைத்துக்கொண்டு குனிகிறவர்கள் முப்பத்தைந்திலேயே ஊசி போட்டுக்கொண்டு வருகிறார்கள். இருபது நிமிடத்துக்கு ஒரு முறை நிமிர்ந்து, இரு கையையும் இடுப்பில் வைத்துப் பின்னால் சாய்ந்து பத்து எண்ணுவது உதவும். தனியாக ஒருத்தி நிமிர்ந்தால் வரிசையில் பின்தங்கிவிடுவாள் என்பதால் குழுவே ஒன்றாக நிமிர வேண்டும். முன்பு நடவுப் பாட்டில் ஒரு பல்லவி முடியும் இடத்தில் இது தானாக நடந்தது. இப்போது பாட்டு இல்லாத வயல்களில் யாராவது ஒருவர் குரல் கொடுக்க வேண்டியிருக்கிறது. புதிதாக வந்தவரையும் வயதானவரையும் வரிசையின் நடுவில் விட்டால் இரண்டு பக்க வேகத்துக்கும் ஈடுகொடுக்க முடியாமல் திணறுவார்கள். ஓரத்தில் விட வேண்டும்.

பெண்கள் வெளியில் பேசாத ஒன்று உண்டு. வயலில் ஒதுங்க இடமில்லாததால் காலையிலிருந்தே தண்ணீர் குடிக்காமல் இருந்துவிடுகிறார்கள். வெயிலில் வியர்த்துக் கொட்டும் வேலையில் மணிக்கு முக்கால் லிட்டராவது உள்ளே போக வேண்டும். குடிக்காமல், வந்ததையும் அடக்கி வைத்தால் நீர்க்கடுப்பு, அடிக்கடி காய்ச்சல், நாளாவட்டத்தில் சிறுநீரகக் கோளாறு. இதற்குத் தீர்வு பெரிய செலவு பிடிப்பதல்ல: மோட்டார் கொட்டகைக்குப் பின்னால் நாலு கம்பு நட்டுப் பழைய தார்ப்பாய் கட்டினால் மறைவு ஆயிற்று. ஒப்பந்தம் பேசும்போது அதைக் கேட்கலாம், கேட்க வேண்டும். பிரசவம் ஆன மூன்று மாதத்துக்குள் நாற்றுக்கட்டு சுமப்பதும் கூடவே கூடாது. அடி இறங்கிப்போய் (கருப்பை கீழிறங்கி), அதைப் பத்து வருஷம் யாரிடமும் சொல்லாமல் துணியைச் சுற்றிக்கொண்டு வேலைக்கு வரும் பெண்கள் கிராமத்துக்கு நாலு பேராவது இருக்கிறார்கள். அரசு மருத்துவமனையில் இதற்குச் சிகிச்சை உண்டு. சுமை தூக்கினால் மோசமாகும், தூக்காமலிருந்தால் மட்டும் தானாகச் சரியாகிவிடாது.

சேற்றுப்புண் மணிக்கணக்கில் ஈரத்தில் ஊறிய தோலில் பூஞ்சையும் கிருமியும் ஏறுவதால் வருவது. வயலில் இறங்குமுன் விரலிடுக்கில் வேப்பெண்ணெயோ மஞ்சள் குழைத்த தேங்காயெண்ணெயோ தடவுவது ஊறலைத் தள்ளிப்போடும். கரையேறியதும் வாய்க்கால் தண்ணீரில் அலசுவதோடு விட்டுவிடாமல், வீட்டில் சோப்பு போட்டுக் கழுவி, ஒவ்வொரு விரலிடுக்கையும் உலர்ந்த துணியால் துடைக்க வேண்டும். துடைப்பதைத்தான் எல்லோரும் விட்டுவிடுகிறார்கள். புண் வந்துவிட்டால் கிளோட்ரிமசோல் களிம்பு. ஆறும் வரை இரவில் காலைத் திறந்து காற்றாட வைப்பது. சர்க்கரை இருப்பவர்கள் கொஞ்சமும் அலட்சியம் காட்டக் கூடாது. சேற்றுப்புண்ணில் தொடங்கி விரலை எடுக்கும் நிலைக்குப் போனவர்கள் பெரும்பாலும் தங்களுக்குச் சர்க்கரை இருப்பதே தெரியாதவர்கள்தான்.

எலிக்காய்ச்சல் இன்னும் பயங்கரமானது. எலியின் சிறுநீர் கலந்த வயல் தண்ணீர் காலில் உள்ள கீறல் வழியே உடம்புக்குள் போய், ஒன்றிரண்டு வாரத்தில் காய்ச்சலாக வெளிப்படும். குளிரோடு காய்ச்சல், கெண்டைக்கால் தசையைத் தொட்டால் உயிர் போகும் வலி, கண் சிவப்பு. இம்மூன்றும் சேர்ந்து வந்தால் ஒரு நாள்கூடத் தள்ளக் கூடாது. நடவு வலிதான் என்று நினைத்து மருந்துக் கடையில் வலி மாத்திரை வாங்கிப் போட்டுக்கொண்டு மறுபடி வயலுக்குப் போகிறவர்களுக்குக் கல்லீரலும் சிறுநீரகமும் கெடும். மருத்துவரிடம் "சேத்துல நடவு வேலை பாக்குறேன்" என்று முதல் வாக்கியமாகச் சொல்ல வேண்டும். அது தெரிந்தால்தான் அவர் எலிக்காய்ச்சலை நினைப்பார். ஆரம்பத்தில் கொடுத்தால் சாதாரண டாக்சிசைக்ளின் மாத்திரையிலேயே அடங்கக்கூடிய நோய் இது.

முன்பு காலைக் கிழித்தது நத்தை ஓடு. இப்போது சாலையோர வயல்களில் உடைந்த மதுப்பாட்டில். பரம்படித்த சேற்றுக்குள் சில்லு எங்கே கிடக்கிறது என்று கண்ணுக்குத் தெரியாது. சாலையை ஒட்டிய முதல் நாலைந்து அடியை வயல்காரர் துழாவி எடுத்துக் கொடுத்த பிறகே இறங்குவது நியாயம். வெட்டு விழுந்தால் கழுவி, அன்றே ஆரம்ப சுகாதார நிலையத்தில் காட்ட வேண்டும். அழுக்குக் காயத்துக்குக் கடைசி டெட்டனஸ் தடுப்பூசி போட்டு ஐந்து வருஷம் கடந்திருந்தால் மறுபடி போடுவார்கள். எந்த வருஷம் போட்டோம் என்று ஒரு தாளில் எழுதி வைப்பது நல்லது.

பாம்பு

தமிழ்நாட்டு வயலில் உயிரை எடுப்பவை நான்கு: நல்ல பாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன். இவற்றில் கண்ணாடி விரியன் அறுவடைக் காலத்தில் வைக்கோலிலும் வரப்புப் பொந்திலும் அசையாமல் கிடக்கும், மிதிபட்டால்தான் கடிக்கும். கடித்த இடம் வீங்கும், ரத்தம் உறையாது, சிறுநீரகம் பாதிக்கும். கட்டுவிரியனின் கடி வேறு மாதிரி. இரவில், தரையில் படுத்திருப்பவரைக் கடிக்கும். வலியும் வீக்கமும் அநேகமாக இருக்காது. விடியற்காலையில் வயிற்று வலி, கண் இமை தானாகச் சரிவது, பேச்சுக் குழறுவது என்று தொடங்கி மூச்சு அடங்கிவிடும். "பல் தடமே இல்லையே" என்று காத்திருந்து இழந்த உயிர்கள் ஏராளம். உளுந்துக் காவலுக்கோ களத்துக் காவலுக்கோ போகிறவர்கள் கட்டிலும் கொசுவலையும் கேட்டு வாங்க வேண்டும். வலையின் ஓரத்தைப் பாயின் அடியில் செருகி வைத்தால் கட்டுவிரியனிடமிருந்து பெரிய பாதுகாப்பு.

கடிபட்டால் கயிறு இறுக்குவது, கத்தியால் கீறுவது, வாயால் உறிஞ்சுவது மூன்றும் கூடாது. இறுக்கிக் கட்டிய கால் அழுகிப்போய் வெட்டியெடுக்க வேண்டி வரும். மெட்டி, கொலுசு, மோதிரம், வளையலைக் கழற்றிவிட்டு, கடிபட்ட காலைக் கம்போடு சேர்த்துத் துணியால் தளர்வாகக் கட்டி அசையாமல் வைத்து, நடக்க விடாமல் தூக்கிக்கொண்டு போக வேண்டும். 108-ஐக் கூப்பிடும்போதே விஷமுறிவு மருந்து இருக்கும் அருகிலுள்ள அரசு மருத்துவமனை எது என்று கேட்டுவிட்டால் அலைச்சல் மிச்சம். பாம்பைத் தேடிக் கொல்வதில் நேரத்தைக் கழிக்க வேண்டியதில்லை. நான்குக்கும் ஒரே மருந்துதான். முதல் தவணையே 8 முதல் 10 குப்பி வரை போகும். விரியன் கடி என்று சந்தேகம் இருந்தால் சுத்தமான கண்ணாடிக் குழாயில் கொஞ்சம் ரத்தம் எடுத்து 20 நிமிடம் அசைக்காமல் வைத்துப் பார்ப்பார்கள். உறையவில்லை என்றால் விஷம் ஏறியிருக்கிறது. அந்த 20 நிமிடத்தைத் தாமதம் என்று நினைத்துக் கோபப்பட்டு நோயாளியைத் தூக்கிக்கொண்டு வெளியேறக் கூடாது. இந்த மருந்துக்கு வேண்டிய நஞ்சைப் பல ஆண்டுகளாக எடுத்துத் தருகிறவர்கள், 1978-இல் தொடங்கிய இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கத்தினர். சென்னை அருகே வடநெம்மேலியில் அவர்கள் எடுக்கும் துளிகள் வயலாட்களின் உயிரைக் காக்கின்றன.

விடியற்காலை இருட்டில் வயலில் இறங்குகிறவர்களுக்கு இன்னொரு எமன் மின்வேலி. எலிக்கும் பன்றிக்கும் என்று சிலர் இரவில் கம்பியில் மின்சாரம் விட்டு, காலையில் அணைக்க மறந்துவிடுகிறார்கள். இது சட்டவிரோதம், கொலைக்குச் சமம். தெரியாத வயலுக்கு முதல் நாள் போகும்போது கம்பி கட்டியிருக்கிறதா என்று கேட்காமல் வரப்பைத் தாண்டக் கூடாது. இடிச் சத்தம் கேட்ட உடனே வயலை விட்டு வெளியேற வேண்டும். ஒற்றைப் பனை, தென்னை அடியில் ஒதுங்கக் கூடாது. ஓட்டு வீடோ மூடிய வண்டியோ பாதுகாப்பு. கடைசி இடி கேட்டு அரை மணி கழித்துத்தான் திரும்ப வேண்டும்.

மருந்தடிப்பு

கைத்தெளிப்பானில் 16 லிட்டர் நிரப்பினால் தொட்டியோடு 20 கிலோவுக்கு மேல் போகும். ஏக்கருக்கு 200 லிட்டர் என்றால் 12, 13 தொட்டி. ஒவ்வொன்றையும் முதுகில் ஏற்றிக்கொண்டு முழங்கால் சேற்றில் நடந்து, ஒரு கையால் நெம்புகோலை அடித்துக்கொண்டே போவது. நஞ்சு வாயாலும் மூக்காலும்தான் ஏறுகிறது என்று நினைக்கிறார்கள். உண்மையில் பெரும்பகுதி ஏறுவது தோல் வழியே. மூடியின் வாஷர் தேய்ந்திருந்தால் நடக்கும் ஒவ்வொரு அடிக்கும் மருந்து தளும்பி முதுகில் வழிந்து, சட்டையை நனைத்து, தொடை வரை இறங்கும். நனைந்த சட்டையோடு நாலு மணி நேரம் நிற்பது மருந்தில் குளிப்பதுதான். முதலில் வெறும் தண்ணீர் நிரப்பிக் குனிந்து பார்த்தால் ஒழுக்கு தெரிந்துவிடும். பத்துப் பதினைந்து ரூபாய் வாஷரை மாற்றாமல் கொடுக்கும் தெளிப்பானை வாங்கி மாட்டிக்கொள்ளக் கூடாது.

நுனி அடைத்தால் வாயால் ஊதுகிறவர்களை இன்றும் பார்க்கலாம். பழைய பல் துலக்கும் பிரஷ் ஒன்றைப் பையில் வைத்திருந்தால் போதும். காற்று முதுகுப் பக்கமோ பக்கவாட்டிலோ இருக்கும்படி நடக்க வேண்டும், எதிர்காற்றில் ஒரு சாலும் அடிக்கக் கூடாது. டப்பாவில் உள்ள முக்கோணத்தின் நிறம் நச்சின் அளவைச் சொல்லும்: சிவப்பு கடுமையானது, அடுத்து மஞ்சள், நீலம், பச்சை. சிவப்பு என்றால் கையுறையும் முழுக்கைச் சட்டையும் இல்லாமல் தொடவே கூடாது. அடித்துக்கொண்டிருக்கும்போது வாயில் எச்சில் ஊறுவது, கண் மங்குவது, வியர்த்துக் கொட்டுவது, குமட்டல் ஏதாவது தெரிந்தால் அந்தத் தொட்டியை முடிக்க நினைக்காமல் கரையேறி, உடையைக் கழற்றி, சோப்பு போட்டுக் குளித்து, டப்பாவையும் கையில் எடுத்துக்கொண்டு மருத்துவமனைக்குப் போக வேண்டும். டப்பா இருந்தால்தான் எந்த மாற்று மருந்து என்று உடனே தீர்மானிக்க முடியும். உடையைப் பிள்ளைகள் துணியோடு சேர்த்து ஊறவைக்கக் கூடாது.

அளவும் கூலியும்

டெல்டாவில் ஒப்பந்த நடவு மா கணக்கில் பேசுவார்கள். 1 குழி என்பது 12 அடிக்கு 12 அடி, 144 சதுர அடி. 100 குழி ஒரு மா, சுமார் 33 சென்ட். 20 மா ஒரு வேலி. இந்தக் கணக்கு தெரிந்திருந்தால் சர்வே எண்ணும் பட்டாவும் பார்க்காமலே வயலை அளந்துவிடலாம். 12 அடி நீளக் கயிறோ மூங்கிலோ போதும். நீளம் எத்தனை கயிறு, அகலம் எத்தனை கயிறு என்று எண்ணிப் பெருக்கினால் குழி வந்துவிடும். நீளம் பன்னிரண்டரை, அகலம் பத்து என்றால் 125 குழி. ஆனால் "ஒரு மா வயல்" என்று சொல்லிக் கூப்பிட்டிருப்பார்கள். மாவுக்கு 1,800 ரூபாய் என்று பேசியிருந்தால் 125 குழிக்கு 2,250 வர வேண்டும். 450 ரூபாய் விட்டுப்போகிறது. ஆறு பெண்கள் நட்டிருந்தால் ஆளுக்கு 75 ரூபாய், ஒரே வயலில். எதிரெதிர் பக்கங்கள் சமமாக இல்லாத வயலில் இரண்டு நீளத்தையும் கூட்டிப் பாதியாக்கி, அகலத்தையும் அப்படியே செய்து பெருக்கினால் ஓரளவு சரியாக வரும். நடவு தொடங்குமுன் அளக்க வேண்டும். முடித்த பிறகு அளந்தால் சண்டை.

மேஸ்திரியின் பங்கு எவ்வளவு என்பது முன்கூட்டியே தெரிந்திருக்க வேண்டும். அவர் ஆள் சேர்க்கிறார், வண்டி பேசுகிறார், வயல்காரரிடம் பணம் வாங்கித் தருகிறார். அதற்குப் பங்கு கேட்பது தவறில்லை. ஏக்கருக்கு அவர் வாங்கும் தொகை ஒன்று, ஆட்களிடம் சொல்லும் தொகை வேறு என்று இருப்பதுதான் தவறு. குழுவில் எழுதத் தெரிந்த ஒரு பெண் நாற்பது பக்க நோட்டில் தேதி, யார் வயல், எத்தனை குழி, எத்தனை பேர், வாங்கியது, பாக்கி என்று ஆறு கட்டம் போட்டு எழுதிவந்தால் சீசன் முடிவில் பாக்கி காணாமல் போகாது. முன்பணம் வாங்கியவர்களுக்கு இந்த நோட்டு இன்னும் அவசியம்.

ஆண்–பெண் கூலி வித்தியாசத்தை நியாயப்படுத்த "ஆம்பளை வேலை கடினம்" என்பார்கள். நாற்று பறிக்கிறவர் பத்து, பதினோரு மணிக்கு வீட்டுக்குப் போய்விடுகிறார். நாலு மணிக்கு எழுந்து சோறாக்கிவிட்டு வந்த பெண் மதியம் ஒரு மணி வரை குனிந்தே நிற்கிறாள். போனதும் தண்ணீர், விறகு, ஆடு. சம வேலைக்குச் சம ஊதியச் சட்டம் 1976-லேயே வந்துவிட்டது. நடவும் பறிப்பும் வேறு வேலை என்ற சந்தில்தான் அந்த உரிமை வயலில் செல்லாமல் நிற்கிறது. மணிக்கணக்கில் பேசினால் அந்தச் சந்து அடைபடும்.

ஒரு வருஷத்தில் எத்தனை நாள்

கூலி எவ்வளவு என்பதைவிட வேலை எத்தனை நாள் என்பதே வாழ்க்கையைத் தீர்மானிக்கிறது. அணையிலிருந்து தண்ணீர் வரும் தேதியைப் பொறுத்து எல்லா வயலும் ஒரே பத்துப் பதினைந்து நாளில் நடவுக்கு வந்துவிடும். அப்போது ஆள் கிடைக்காது, கூலி ஏறும், உடம்பு முறியும். அது முடிந்தால் களை வரை வேலையில்லை. முதல் களை 15 முதல் 20 நாளில், இரண்டாவது 35 முதல் 40 நாளில் என்று இருந்தது. நட்ட சில நாளிலேயே களைக்கொல்லி போடத் தொடங்கியதும் முதல் களை பல வயல்களில் இல்லாமலே போயிற்று. அதிக இடைவெளி விட்டு நடும் திருந்திய நெல் சாகுபடியில் சதுர மீட்டருக்கு 16 குத்துதான். களையெடுப்பும் உருளும் கோனோவீடர் கருவிக்குப் போய்விட்டது, அதைத் தள்ளுவது ஆண்கள். மேற்கு வங்கத்திலிருந்து வரும் குழுக்கள் ஏக்கர் கணக்கில் ஒப்பந்தம் பேசி நடுகிறார்கள். அவர்களும் வீட்டைவிட்டுக் கொட்டகையில் கிடந்து உழைக்கிறவர்கள்தான். அவர்கள் மேல் கோபப்படுவதில் பொருளில்லை.

பெரிய இழப்பு அறுவடை. கருக்கரிவாளால் அறுத்து, அரி அரியாகப் போட்டு, கட்டுக் கட்டி, களத்தில் அடித்துத் தூற்றிய காலத்தில் கூலி நெல்லாகக் கிடைத்தது. சம்பா, தாளடி முடியும்போது குடும்பத்துக்கு மாதக்கணக்கில் நெல் சேரும். வைக்கோலும் தப்புக்கதிரும் தனி. இப்போது பெல்ட் இயந்திரம் ஏக்கரை ஒரு மணி நேரத்தில் முடிக்கிறது. இயந்திரம் திரும்ப முடியாத மூலையை அறுக்கவும், சாய்ந்த பயிரைத் தூக்கவும் மட்டும் இரண்டு பேர் வேண்டும். 2011 முதல் ரேஷனில் அரிசி விலையில்லாமல் வருவதால் இந்த இழப்பு பட்டினியாக மாறவில்லை. ஆனால் அவசரத்துக்கு இரண்டு மூட்டையை விற்றுச் செலவைச் சமாளிக்கும் வழி அடைபட்டுவிட்டது. அந்த இடத்தில்தான் குழுக்கடன் வந்து உட்கார்ந்தது.

நெல் கூலி என்பது சும்மா கிடைத்ததல்ல. பண்ணையாட்களுக்கான பாதுகாப்புச் சட்டம் 1952-இல் தஞ்சாவூருக்கென்று வந்தது. கூலி உயர்வு கேட்ட போராட்டத்தின் நடுவே 1968 டிசம்பர் 25 இரவு கீழவெண்மணியில் 44 பேர் குடிசைக்குள் எரித்துக் கொல்லப்பட்டார்கள். பெரும்பாலோர் பெண்களும் குழந்தைகளும். அதன் பிறகுதான் கூலிப் பிரச்சினையை விசாரித்த கணபதியா பிள்ளை ஆணையமும் 1969-இன் நியாயக் கூலிச் சட்டமும். குடியிருந்த மனைக்கு உரிமை கொடுத்த சட்டம் 1971-இல். அந்தச் சட்டத்தில் பட்டா வாங்காமல் விட்ட குடும்பங்களின் பேரப்பிள்ளைகள் இன்றும் வீட்டுக் கடனுக்கும் தொகுப்பு வீட்டுக்கும் மனைப் பட்டா இல்லாமல் அலைகிறார்கள்.

சம்பா அறுவடைக்கு ஒரு வாரம், பத்து நாள் முன்பு ஈர வயலில் உளுந்தும் பச்சைப்பயறும் தெளிப்பது டெல்டா வழக்கம். மார்ச், ஏப்ரலில் அதைப் பறிக்கும் வேலை பெண்களுக்கு. இயந்திரம் ஏறும் வயலில் முளை நசுங்குவதால் சிலர் தெளிப்பதையே விட்டுவிட்டார்கள். அந்த வேலை நாட்களும் போயின. ஆகவே அக்டோபர் கடைசியிலிருந்து பொங்கல் வரையும், சித்திரை, வைகாசியிலும் கையில் காசு வராது. குழுக்கடன் தவணையோ எல்லா மாதமும் வரும். ஒருத்தி கட்டாவிட்டால் மற்றவர்கள் கட்ட வேண்டும் என்ற ஏற்பாடு உறவைக் கெடுத்துவிடுகிறது. கடன் வாங்கும் நாளிலேயே காலண்டரில் வேலையில்லாத மாதங்களைக் குறித்து, நடவுக் கூலியிலிருந்து மூன்று தவணைக்கான பணத்தை அஞ்சலகக் கணக்கில் போட்டு வைத்த குடும்பங்கள் மழைக்காலத்தில் இரண்டாவது கடன் வாங்காமல் தப்பிக்கின்றன. பழைய கடனைக் கட்டப் புதுக் கடன் என்று தொடங்கினால் திருப்பூருக்குப் பஸ் ஏறுவதுதான் மிச்சம்.

தாள்களைப் பற்றி இரண்டு விஷயம். முதலமைச்சரின் உழவர் பாதுகாப்புத் திட்ட அட்டை 18 முதல் 65 வயது வரையுள்ள விவசாயத் தொழிலாளர்களுக்கும் உண்டு, நிலம் வேண்டியதில்லை. கிராம நிர்வாக அலுவலரிடம் விண்ணப்பம் கொடுத்து, வட்டாட்சியர் அலுவலகத்தில் அட்டை வரும் வரை விடாமல் கேட்க வேண்டும். பிள்ளைகளின் படிப்பு, திருமணம், முதியோர் ஓய்வூதியம், விபத்து மரணம் ஆகியவற்றுக்கு உதவி இதில் வருகிறது. பிள்ளை கல்லூரியில் சேர்ந்த பிறகு அட்டை தேடுகிறவர்களே அதிகம்.

வங்கியில் ஆண்டுக்கு 20 ரூபாய் பிடிக்கும் பிரதமர் சுரக்ஷா பீமா திட்டத்தில் விபத்து மரணத்துக்கு 2 லட்சம். பாம்புக்கடி மரணமும் விபத்தாகவே கொள்ளப்படும். மே கடைசியில் கணக்கில் அந்த 20 ரூபாய் இல்லாவிட்டால் காப்பீடு அறுந்துவிடும், யாரும் கூப்பிட்டுச் சொல்லமாட்டார்கள். பாம்போ மின்சாரமோ இடியோ தாக்கி வயலில் ஒருவர் இறந்தால், துக்கத்தில் அன்றே அடக்கம் செய்துவிடுவது ஊர் வழக்கமாக இருக்கிறது. காவல் நிலையத்தில் முதல் தகவல் அறிக்கையும் பிரேதப் பரிசோதனை அறிக்கையும் இல்லாமல் எந்த உதவித் தொகையையும் வாங்குவது மிகக் கடினம். இதை அந்த நேரத்தில் குடும்பத்தாரால் யோசிக்க முடியாது. குழுவில் யாராவது ஒருவர் தைரியமாக எடுத்துச் சொல்லி, உடலை அரசு மருத்துவமனைக்குக் கொண்டுபோக வைத்து, அறிக்கைகளின் நகலை மூன்று மூன்றாக எடுத்து, வாரிசுச் சான்றிதழ் கேட்டு விண்ணப்பிக்கும் வரை கூடவே போக வேண்டும்.